அடுத்த படகு

கோவில்பட்டி,
ஜூன் 16

அன்புள்ள மெற்றில்டா சித்திக்கு,

உங்கள் ஜெனிற்றா எழுதுவது. நான் நல்ல சுகம். உங்கள் இருமல் விட்டதா? தொண்டையில் துணி கட்டாமல் கடற்கரைப் பக்கம் போகாதீர்கள்.

விடுதிக்கு வந்து ஒரு கிழமையாகிறது. சிஸ்டர்மார் நல்லவர்கள்தான், ஆனால் ஐந்து மணிக்கே மணி அடித்து எழுப்பிவிடுகிறார்கள். பிளஸ் டூ வகுப்பில் என் பக்கத்தில் இருப்பவள் ஜெயப்பிரியா. பசுவந்தனைப் பிள்ளை, அப்பா அம்மா விவசாயம். முதல் நாள் நான், "வா, கொஞ்ச நேரம் கதைப்பம்" என்றேன். "ஏட்டி, நீ கதை சொல்லப் போறியா? நான் உக்காந்து கேக்கணுமா?" என்று கேட்டாள். இப்போது விடுதி முழுக்க என்னைக் 'கதைக்காரி' என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

இங்கே கடல் இல்லை. விடிய எழும்பினால் காதுக்குள் வெறுமையாக இருக்கிறது. மண் கறுப்பு. வெயிலில் வெடித்துக் கிடக்கிறது. ஜெயப்பிரியாவின் பேனா ஒரு வெடிப்புக்குள் விழுந்து, எடுக்கவே முடியவில்லை.

முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். வருகிற வழியில் சிஸ்டர் என்னை நாகலாபுரம் பக்கம் உள்ள நம் இலங்கை ஆட்களின் முகாமுக்குக் கூட்டிப்போனார். புதிதாகக் கட்டிய வீடுகள், சித்தி. மண்டபத்து அறை மாதிரி இல்லை. சமையலுக்குத் தனி இடம், தண்ணீர்க் குழாய், வாசலில் ஒரு வேப்பங்கன்று. ஒரு வீடு காலியாக இருக்கிறது. எங்களுக்குத் தருவீர்களா என்று முகாமுக்குப் பொறுப்பான ஆர்.ஐ. அம்மாவிடம் நேரே கேட்டுவிட்டேன். "நீ மைனர் பிள்ள. சித்திய மட்டும் வச்சுக் குடும்பம்னு எழுத முடியாது. உங்கம்மா வந்து சேரட்டும், பாக்கலாம்" என்றார். பொங்கல் வரைக்கும் வேறு யாருக்கும் கொடுக்கமாட்டாராம்.

ஆகவே அம்மாவிடம் சொல்லுங்கள். படகில் இடம் இல்லை, நானும் தம்பி டினோவும் அடுத்த படகில் வருகிறோம் என்று சொல்லி நம் இருவரையும் ஏற்றிவிட்டு இரண்டு வருடமாகிறது. அப்பா திரும்பி வந்தால் வீட்டில் ஆள் இருக்க வேண்டும் என்று காத்திருப்பது எனக்கு விளங்குகிறது. பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டு வரலாம்தானே. அப்பா வந்தால் அவர்கள் அனுப்பிவைப்பார்கள்.

படகில் களவு போகும் என்று அம்மா தன் காதில் இருந்து கழற்றி என் பையில் போட்ட தோட்டை சிஸ்டர் அலமாரியில் வைத்துப் பூட்டியிருக்கிறார். அம்மா வந்ததும் நானே போட்டுவிடுவேன்.

நீங்கள் அங்கிருந்து அழைத்தால் ஞாயிற்றுக்கிழமை நான்கு மணிக்கு விடுதிப் போனில் பேசலாம். எடுங்கள்.

உங்கள் அன்பு மகள்,
ஜெனி


மண்டபம் முகாம்,
ஜூன் 29

என் அன்பு மகள் ஜெனிக்கு,

சித்தி எழுதுவது. ஆண்டவர் துணையால் சுகமாக இருக்கிறேன். இருமல் போய்விட்டது. நீ நேரத்துக்குச் சாப்பிடு. விடுதிச் சோறு பிடிக்கவில்லை என்று தட்டைத் தள்ளிவைக்காதே, உன் குணம் எனக்குத் தெரியும்.

போனில் வேண்டாம் பிள்ளை. இங்கே சிக்னல் வருவதும் போவதுமாக இருக்கிறது. பாதி கேட்டும் பாதி கேட்காமலும் கதைப்பதை விடக் கடிதம் நல்லது. எப்போது வேண்டுமென்றாலும் எடுத்து வாசிக்கலாம்.

அக்கா போன கிழமை போன் எடுத்துக் கதைத்தார். அவரிடம் இப்போதும் சொந்தப் போன் இல்லை, யாருடையதையோ வாங்கித்தான் எடுக்கிறார். வீட்டு விஷயத்தைச் சொன்னேன். சந்தோசப்பட்டார். ஆவணியில் மடு மாதா திருவிழா முடிந்ததும் பார்ப்போம் என்றார். டினோ உயர்ந்துவிட்டானாம். பழைய காற்சட்டை எல்லாம் முழங்காலுக்கு மேலே நிற்கிறதாம்.

நன்றாகப் படி. மற்றதெல்லாம் பெரியவர்கள் பார்த்துக்கொள்வோம்.

அன்பு முத்தங்களுடன்,
சித்தி


கோவில்பட்டி,
ஜூலை 21

அன்புள்ள சித்திக்கு,

சுகம். உங்கள் சுகமும் அப்படியே இருக்கட்டும்.

பார்ப்போம் என்றால் என்ன அர்த்தம்? வருகிறேன் என்றாரா, பார்ப்போம் என்றாரா? நீங்கள் பூசி மெழுகாமல் அம்மா சொன்னதை அப்படியே எழுதுங்கள்.

அம்மா எந்தப் போனில் இருந்து எடுக்கிறார் என்று அந்த எண்ணையும் அனுப்புங்கள். ஜெயப்பிரியாவின் அம்மா மாதம் ஒருமுறை விடுதிக்கு வருவார். அவர் போனில் வட்சப் இருக்கிறது, தரமாட்டேன் என்று சொல்லமாட்டார். டினோவின் சத்தத்தைக் கேட்டு எவ்வளவு நாளாகிறது.

அப்பாவைப் பற்றி இங்கே எல்லாரும் கேட்கிறார்கள். மண்ணெண்ணெய் கிடைக்காத நாட்களில் என்ஜினைக் கரையில் கழற்றி வைத்துவிட்டு, பழைய காலம் போலப் பாய் விரித்துத் தொழிலுக்குப் போனார், இன்னும் வரவில்லை என்று சொல்கிறேன். வேதியியல் டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். இறந்துவிட்டார் என்று அவர்களாகவே முடிவு கட்டிவிடுகிறார்கள். நான் திருத்துகிறேன். உடம்பு கரைக்கு வராத ஆளுக்குத் துக்கம் கொண்டாடக் கூடாது என்று அம்மா சொன்னதைத்தான் நானும் சொல்கிறேன்.

எண்ணை மறக்காமல் அனுப்புங்கள்.

உங்கள்,
ஜெனி


மண்டபம் முகாம்,
செப்டம்பர் 5

அன்பு மகள் ஜெனிக்கு,

நலமா? நீ அனுப்பிய மூன்று கடிதங்களும் வந்தன. பதில் பிந்திவிட்டது, கோபிக்காதே. முகாமில் செக்கிங், அது இது என்று அலைச்சல்.

மடுத் திருவிழாவுக்கு அக்காவும் டினோவும் போய் வந்தார்களாம். நல்ல சனமாம். உனக்காக மெழுகுதிரி கொளுத்தினார்களாம். கடல் இப்போது சரியில்லை. நேவிக்காரரும் கண்ணில் எண்ணெய் விட்டுக்கொண்டு திரிகிறார்களாம். இந்த நேரத்தில் பிள்ளையோடு படகேறச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. உனக்கும் வராது.

டினோ புதுச் சைக்கிளில்தான் பள்ளிக்கூடம் போகிறானாம். விழுந்து முழங்கையை உரசிக்கொண்டானாம். பெரிய காயம் இல்லை.

உனக்கு ஒரு சட்டைத்துணி அனுப்புகிறேன். நீல நிறம். தைத்துப் போட்டுக்கொள்.

அன்புடன்,
சித்தி


பசுவந்தனை,
அக்டோபர் 4

அன்புள்ள சித்திக்கு,

நலம், நலமறிய ஆவல். துணி அழகாக இருக்கிறது. எண் வரவில்லை. டினோவுக்குச் சைக்கிள் யார் வாங்கிக் கொடுத்தது என்றும் நீங்கள் எழுதவில்லை.

காலாண்டு விடுமுறைக்கு ஜெயப்பிரியா வீட்டில் இருக்கிறேன். சிஸ்டர் யோசித்து யோசித்துத்தான் விட்டார். இவளுடைய அப்பா சாமித்துரை அதிகம் பேசமாட்டார். அம்மா வேலுத்தாய் அதற்கும் சேர்த்துப் பேசுவார். நான் சாப்பிடுவது போதவில்லை என்று தினமும் என்னோடு சண்டை.

நேற்று இவர்கள் விதைத்தார்கள். சித்தி, மழையே பெய்யவில்லை. மண் மாவு மாதிரி பறக்கிறது. அந்தப் புழுதிக்குள் உளுந்தையும் சோளத்தையும் போட்டு மூடுகிறார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ஈரமே இல்லை, எப்படி முளைக்கும்?" என்று கேட்டேன்.

"மழ விழுந்த பெறவு இந்த மண்ணுல கால் வைக்க முடியாது தாயி. முழங்கால் வரைக்கும் இழுத்துரும். அதனால முன்னாலயே போட்டு வைக்கோம். அது உள்ள கெடந்து காத்துக்கிட்டு இருக்கும்" என்றார் வேலுத்தாய் அம்மா.

"மழை வராவிட்டால்?"

"வரும்னுதான போடுதோம்."

பிறகு அவரே சொன்னார், மழை வராததை விடப் பொய் மழைதான் மோசமாம். லேசாகத் தூறிவிட்டுப் போனால் விதை ஏமாந்து முளைத்துவிடும், அடுத்த வெயிலில் கருகிப்போகும். பெய்தால் உழவு ஆழத்துக்குப் பெய்ய வேண்டும், இல்லாவிட்டால் பேசாமல் இருக்க வேண்டும் என்றார். அம்மாவை நினைத்துக்கொண்டேன். இப்படி நினைத்ததற்குக் கோபிக்காதீர்கள்.

பொங்கலுக்கு இன்னும் மூன்று மாதம் இருக்கிறது. ஆர்.ஐ. அம்மாவிடம் கார்த்திகையில் வருவார்கள் என்று சொல்லட்டுமா? ஆம் அல்லது இல்லை, ஒரே சொல்லில் எழுதுங்கள்.

உங்கள்,
ஜெனி


மண்டபம் முகாம்,
நவம்பர் 9

அன்பு மகள் ஜெனிக்கு,

சுகமாக இருக்கிறாய் என்று நம்புகிறேன். எனக்கு இரண்டு நாளாகக் காய்ச்சல், இப்போது பரவாயில்லை.

ஆர்.ஐ. அம்மாவை இப்போதே தொந்தரவு செய்யாதே. பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளை வீடு வாசலைப் பற்றி ஏன் கவலைப்பட வேண்டும். நேரம் வந்தால் எல்லாம் தானாக நடக்கும்.

ஊரில் மழை நன்றாகப் பெய்கிறதாம். மழையோடு மழையாகக் கல்லறைத் திருநாள் பூசையும் நடந்ததாம். குடைக்குக் கீழே நின்றுதான் பேர்களை வாசித்தார்களாம். அப்பாவின் பேர் வந்தபோது டினோ கையில் இருந்த மெழுகுதிரி அணைந்துவிட்டதாம், பாவம், அழுதானாம். பாதர் தன்னுடையதில் இருந்து திரும்பக் கொளுத்திக் கொடுத்தாராம்.

நீலச் சட்டை தைத்தாயா? போட்டோ எடுத்து அனுப்பு.

அன்புடன்,
சித்தி


கோவில்பட்டி,
நவம்பர் 16

சித்திக்கு,

சுகம்.

அப்பாவின் பேரை யார் கொடுத்தது?

கல்லறைத் திருநாளில் வாசிப்பது செத்தவர்களின் பேரை. பாதர் தானாக வாசிக்கமாட்டார். வீட்டு ஆள் கோவிலுக்குப் போய், இன்னாருடைய பேரையும் சேருங்கள் என்று சொன்னால்தான் வாசிப்பார். போன வருடம் வாசிக்கவில்லை. அதற்கு முந்தைய வருடமும் வாசிக்கவில்லை. அப்போதெல்லாம் அம்மா விடவில்லை. நாம் படகேறுவதற்கு முன்பே பக்கத்து வீட்டு ஆச்சி கேட்டபோது, "என்ர மனுசன்ர பேரைச் சாவு வரிசையில சேர்க்க நீங்கள் ஆர்?" என்று அம்மா சண்டை பிடித்தது எனக்கு மறக்கவில்லை.

எங்கள் தெருவில் மரியதாஸ் மாமாவும் கடலில் போய் வராதவர்தான். அவர் பேரை ஏழு வருடம் யாரும் கொடுக்கவில்லை. கொடுத்த வருடம் மார்கழியில் மாமிக்கு வேறு ஆளோடு கலியாணம் என்று கோவிலில் திருமண ஓலை வாசித்தார்கள். அப்போது எனக்குப் பத்து வயது. 'பேர் வாசிச்சால் பிறகு ஓலை வாசிப்பினம்' என்று கிணற்றடியில் பெண்கள் சொல்லிச் சிரித்தது காதில் இருக்கிறது.

ஆகவே திரும்பவும் கேட்கிறேன். அப்பாவின் பேரை யார் கொடுத்தது? ஏன் கொடுத்தது?

ஜெனி


மண்டபம் முகாம்,
நவம்பர் 25

அன்பு மகளே,

நலமாக இரு. நீ சும்மா எதையெதையோ யோசித்து மனதைக் கெடுத்துக்கொள்கிறாய். இப்போது இருப்பது புதுப் பாதர். அவர் தானாகக் கேள்விப்பட்டுச் சேர்த்திருப்பார். ஊர் வழக்கம் அவருக்கு என்ன தெரியும்? அக்காவே கோபப்பட்டாராம்.

பரீட்சை வருகிறது. படி.

சித்தி


கோவில்பட்டி,
டிசம்பர் 15

சித்தி,

போன ஞாயிற்றுக்கிழமை பசுவந்தனைக்குப் போயிருந்தபோது வேலுத்தாய் அம்மாவின் போனில் இருந்து உங்களுக்கு அழைப்பு எடுத்தது நான்தான் என்று உங்களுக்குத் தெரியும். தெரியாத எண் என்றுதான் நீங்கள் எடுத்தீர்கள்.

சிக்னல் நன்றாக இருந்தது. உங்கள் பக்கத்தில் காகம் கத்தியதும், யாரோ குடத்தைத் தரையில் வைத்ததும் கேட்டது. "அம்மாவுக்குக் கலியாணமா சித்தி?" என்று கேட்டேன். நீங்கள் இல்லை என்று சொல்லவில்லை. என் பேரைச் சொன்னீர்கள். பிறகு மூச்சு மட்டும்தான் கேட்டது. பிறகு கட் ஆகிவிட்டது. நீங்களே கட் பண்ணினீர்கள்.

ஏன் போன் வேண்டாம், கடிதம் போதும் என்றீர்கள் என்று அப்போதுதான் விளங்கியது. உங்களுக்கு வாயால் பொய் சொல்ல வராது. சின்ன வயதிலிருந்தே வராது. அம்மா சட்டியை உடைத்துவிட்டு உங்களைச் சாட்சிக்குக் கூப்பிட்டால் நீங்கள் அழுதுவிடுவீர்கள் என்று அம்மாவே சொல்லிச் சிரிப்பார். பேனாவைக் கையில் கொடுத்தால் வருகிறது. நல்ல கையெழுத்தில் வருகிறது.

நான் அந்தக் கடிதங்களைத் தலையணைக்குக் கீழே வைத்திருந்தேன். ஜெயப்பிரியாவுக்கு வாசித்துக் காட்டியிருக்கிறேன். அம்மா வருகிறார், வீடு கிடைக்கும், நீ பஸ் ஏறி வா, என் அம்மா வைக்கும் மீன் குழம்பு சாப்பிடு என்று அவளைக் கூப்பிட்டும் வைத்திருக்கிறேன். அவள் முகத்தை இப்போது எப்படிப் பார்ப்பது?

அன்றைக்கு அவர்கள் வீட்டில் திரும்பவும் விதைத்த கதை சொன்னார்கள். ஐப்பசியில் லேசாகத் தூறியிருக்கிறது. எல்லாம் முளைத்து எல்லாம் கருகியிருக்கிறது. அழித்து உழுது இரண்டாம் முறை விதைத்திருக்கிறார்கள். நான் போனைக் கொடுத்துவிட்டு அந்தக் காட்டு வரப்பில் உட்கார்ந்து அழுதேன். வேலுத்தாய் அம்மா வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். பிறகு, "எந்திரிட்டி, வெயில் உச்சிக்கு ஏறுது" என்று மட்டும் சொன்னார்.

ஒரு விஷயம் எனக்கு விடிய விடிய ஓடுகிறது. அந்தத் தோடு. அடுத்த கிழமை வரப்போகிற ஆள் எதற்காகத் தன் காதில் இருப்பதைக் கழற்ற வேண்டும்? களவு போகும் என்றால் கரையில் நிற்கிறவர் காதில் இருப்பதுதானே பத்திரம், படகில் போகிறவள் பையிலா பத்திரம்? என் பிறப்புச் சான்றிதழையும் வைத்தார். முதல் நற்கருணை எடுத்த அன்று பிடித்த படத்தையும் வைத்தார். திரும்பி வராத ஒருத்திக்கு என்ன என்ன கட்டிக் கொடுப்பார்களோ அதெல்லாம் அந்தப் பையில் இருந்தது. எனக்கு அப்போது பதினைந்து வயது. விளங்கவில்லை. உங்களுக்கு விளங்கியிருக்கும்.

படகில் இடம் இருந்ததா, சித்தி? இதற்காவது உண்மையை எழுதுங்கள்.

ஜெனி


மண்டபம் முகாம்,
டிசம்பர் 28

ஜெனி,

நீ என்னைத் திட்டியதெல்லாம் சரி. நத்தார் அன்று கிறிஸ்து பிறப்புப் பூசைக்குக்கூடப் போகாமல் உன் கடிதத்தை வைத்துக்கொண்டு இருந்தேன்.

இடம் இருந்தது. இருவருக்கும் இருந்தது.

அந்த ஆள் பேர் யோசவ். மீன்வாடி வைத்திருக்கிறார், உனக்கும் பார்த்த முகம்தான். அப்பா போன பிறகு வீட்டில் அடுப்பு எரிந்தது அவரால். பிள்ளைகள் உங்களுக்குச் சொல்லவில்லை. நாம் படகேறுவதற்கு முன்பே அக்கா முடிவெடுத்துவிட்டார். ஊர் வாய்க்குப் பயந்து இரண்டு வருடம் தள்ளிப்போட்டார். தை மாதம் கோவிலில் கலியாணம். சைக்கிளும் அவர் வாங்கிக் கொடுத்ததுதான்.

நீ கேட்கப்போவது எனக்குத் தெரியும். டினோ இருக்கலாம், நான் ஏன் இருக்கக் கூடாது? அதை நானும் கேட்டேன். அக்கா சொன்னதை, நீ முன்பு எழுதச் சொன்ன மாதிரி, அப்படியே எழுதுகிறேன். "அந்த ஆள் நல்லவர் எண்டுதான் நினைக்கிறன், மெற்றில்டா. ஆனால் நினைக்கிறதை நம்பி வளர்ந்த பெட்டையை அந்த வீட்டுக்குள்ள வைக்க ஏலாது. அவள் அங்கால போய்ப் படிக்கட்டும்." நான் அவரை நியாயப்படுத்த இதை எழுதவில்லை.

நான் பொய் எழுதியது அக்கா சொல்லித்தான். பிளஸ் டூ முடியும் வரைக்கும் பிள்ளைக்குத் தெரியக் கூடாது என்று சத்தியம் வாங்கினார். ஆனால் பேனா என் கையில்தான் இருந்தது. ஒவ்வொரு கடிதத்தையும் மூன்று நான்கு முறை கிழித்துத்தான் எழுதினேன், அதனால்தான் பிந்தியது.

இன்னும் ஒன்று. இதைச் சொல்லக் கூடாது என்றிருந்தேன். எனக்கு வவுனியாவில் புடவைக் கடையில் வேலை இருந்தது. சாப்பாட்டுக்குக் கஷ்டம் இல்லை. இந்தியாவுக்கு வர எனக்கு ஒரு தேவையும் இருக்கவில்லை. உன்னைத் தெரியாத ஆட்களோடு தனியே ஏற்றிவிடப் பார்த்தார்கள். அன்று பின்னேரம் நான் வழியனுப்பத்தான் வந்தேன். நீ பையை மடியில் வைத்துக்கொண்டு, அம்மாவுக்கு இடம் பிடிப்பதற்காகப் பலகையில் கையை விரித்து வைத்திருந்தாய். அந்தக் கையைப் பார்த்துவிட்டு என்னால் திரும்பிப் போக முடியவில்லை. நீ பிடித்து வைத்த இடத்தில்தான் நான் வந்து உட்கார்ந்தேன்.

மன்னித்துவிடு என்று கேட்க எனக்கு முகமில்லை. சாப்பிடாமல் மட்டும் இருக்காதே.

சித்தி


கோவில்பட்டி,
ஜனவரி 22

அன்புள்ள சித்திக்கு,

நான் சுகம். நீங்கள் சுகமா? காய்ச்சல் திரும்ப வரவில்லையே?

மூன்று கிழமை பதில் எழுதாமல் இருந்தது வேண்டுமென்றுதான். கடிதத்தைப் பார்த்துக்கொண்டு இருக்கிறவர்களுக்கு எப்படி இருக்கும் என்று உங்களுக்கும் தெரியட்டும் என்று நினைத்தேன். முதல் கிழமை இனித்தது. பிறகு பிடிக்கவில்லை.

அம்மாவை நான் மன்னிக்கவில்லை. அதை உங்கள் வாயாலேயே அவரிடம் சொல்லுங்கள், எழுத வேண்டாம். அந்த ஆள் நல்லவர் என்றால் நான் இருந்திருக்கலாம். சந்தேகம் என்றால் டினோவையும் தூக்கிக்கொண்டு அம்மாவே படகேறியிருக்கலாம், இடம் இருந்தது. இரண்டையும் விட்டுவிட்டு, என்னை மட்டும் ஏற்றி, கரையில் நின்று கையும் காட்டினாரே. நான் கண்ணுக்கு மறையும் வரைக்கும் கை காட்டினேன், சித்தி. அந்தக் கையை நினைத்தால்தான் எனக்கு இன்னும் வெட்கமாக இருக்கிறது. டினோவின் மேல் கோபம் இல்லை. அவனுக்குத் தனியாக எழுதுவேன்.

பொங்கலுக்கு முந்தின ஞாயிறு, இங்கே கோவிலில் பாதரிடம் போய் அப்பாவின் பேரைக் கொடுத்தேன். கல்லறைத் திருநாள் இல்லையே என்றார். எங்கள் வீட்டில் எனக்குச் சொல்லாமல் வாசித்துவிட்டார்கள், என் காதால் ஒருமுறை கேட்க வேண்டும் என்றேன். வாசித்தார். சேவியர் என்று மைக்கில் கேட்டதும் சிலுவை போட்டுக்கொண்டேன். ஜெயப்பிரியா பக்கத்தில் நின்றாள், அவளுக்கு எப்போது எழும்புவது, எப்போது முழந்தாள் போடுவது ஒன்றும் தெரியாது, நான் செய்வதைப் பார்த்துப் பார்த்துச் செய்தாள். அப்பா இறந்துவிட்டார், சித்தி. இப்போதுதான் இறந்தார்.

பசுவந்தனையில் இரண்டாம் விதைப்பு நன்றாக வந்திருக்கிறது. முதல் விதைப்பு மாதிரி இல்லை, பாதிதான் என்று வேலுத்தாய் அம்மா சொல்கிறார். பாதி என்றாலும் விளைந்ததுதானே.

போன கிழமை எனக்குப் பதினெட்டு முடிந்தது. அடுத்த நாளே சிஸ்டரைக் கூட்டிக்கொண்டு முகாமுக்குப் போனேன். பொங்கல் போய்விட்டதே, வீட்டைக் கொடுத்திருப்பார்களோ என்று பயம். கொடுக்கவில்லை. வேப்பங்கன்று என் இடுப்பு உயரத்துக்கு வந்துவிட்டது.

"எங்க உங்கம்மா? வாரேன்னாங்களே?" என்று ஆர்.ஐ. அம்மா கேட்டார்.

"வரமாட்டாங்க."

"அப்பா?"

"கடல்ல இறந்துட்டாங்க."

"பெறகு கூட யாரு இருப்பா உனக்கு?"

"எங்க சித்தி" என்றேன். "அவிய எனக்காகத்தான் படகேறி வந்தவிய."

இந்த ஊர்ப் பேச்சு என் வாயில் எப்போது வந்தது என்று தெரியவில்லை. ஆர்.ஐ. அம்மா சிரிக்கவில்லை. சித்தி நேரில் வந்து சொல்லட்டும், மண்டபத்தில் இருந்து மாற்றலுக்கு மேலே எழுதுகிறேன், ஆனால் நாளாகும் என்றார். நாளானால் ஆகட்டும். உங்கள் மேல் எனக்குக் கோபம் போய்விட்டது என்று நினைக்காதீர்கள். ஒரே வீட்டில் இருந்துதான் உங்களோடு சண்டை பிடிக்க வேண்டும்.

தோடு அலமாரியிலேயே இருக்கிறது. போடமாட்டேன். விற்கவும் மாட்டேன். அம்மா என்றைக்காவது கேட்டால், அடுத்த படகில் வருகிறது என்று சொல்லுங்கள்.

இதற்குப் பதில் எழுதாதீர்கள். இனி உங்கள் கடிதம் எனக்கு வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை நான்கு மணிக்கு விடுதிப் போன் பக்கத்தில் நிற்பேன். எடுங்கள். கதைக்க வராவிட்டால் அழுங்கள், நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

உங்கள் மகள்,
ஜெனி